மருந்துப் பாட்டிலில் சக்கைப் பிரதமன்

1

போன ஞாயிற்றுக்கிழமை கோயிலில் ஆராதனை முடிந்து வந்ததும் அடுப்பில் இரும்புச் சட்டியை ஏற்றினேன். முந்தின நாளே பலாப்பழம் பழுத்து வீடெல்லாம் மணத்துக் கிடந்தது. இன்னும் ஒரு நாள் விட்டால் எறும்புக்குத்தான். நான் கிண்டிக்கொண்டிருக்கும்போது, என் மகள் கிரேஸ் வேலியோரம் நின்று எதிர் வீட்டு மலாய்ப் பெண்ணிடம் மலாய் பாஷையில் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தாள். அதில் எனக்குப் புரிந்த வார்த்தை ஒன்றுதான். பெங்காட்.

பெங்காட் என்பது இங்குள்ள மலாய்க்காரர்கள் செய்யும் பண்டம். வாழைப்பழத்தையோ பலாச்சுளையையோ வெட்டிப் போட்டு, தென்னங்கருப்பட்டியும் தேங்காய்ப் பாலும் விட்டுக் காய்ச்சுவார்கள். நன்றாகத்தான் இருக்கும். ஆனால் நான் செய்துகொண்டிருந்தது அது அல்ல.

"கிரேஸ், இது பெங்காட் இல்ல. பிரதமன்."

"ரெண்டும் ஒண்ணுதானேம்மா. அதுலயும் தேங்காப் பால், இதுலயும் தேங்காப் பால்."

"பிரதமன்னு ஒரு தரம் சொல்லு."

சொன்னாள். கான்வென்ட் பள்ளிக்கூடத்துப் பேச்சின் ஓசையில் அது வேறு யாருடைய பண்டமோ போலக் கேட்டது. அவளுக்குச் சக்கையின் மணம் பிடிக்கிறது, ஒரு கிண்ணத்துக்கு இரண்டு கிண்ணம் குடிக்கிறாள். பெயர் மாறிப்போனால் போகட்டும் என்று விட்டுவிடலாம். ஆனால் இந்தப் பண்டத்தை வைத்து இந்த வீட்டில் நடந்த ஒரு காரியம் உண்டு. அப்போது கிரேஸ் மிகச் சிறியவள். அவளுக்கு ஞாபகம் இருக்காது. மலாயாவில் என்னதான் சாப்பிடுகிறீர்கள் என்று விசாரிக்கும் ஊர்க்காரர்களுக்கும் பதிலாக இருக்கட்டும் என்று இதை எழுதுகிறேன்.

2

நான் கல்யாணமான கையோடு நாகப்பட்டினத்தில் கப்பல் ஏறி வந்தவள். என் வீட்டுக்காரர் இந்த ரப்பர் தோட்டத்து ஆஸ்பத்திரியில் டிரஸ்ஸர். புண்ணுக்குக் கட்டுப் போடுவது, காய்ச்சலுக்கு மருந்து கலந்து கொடுப்பது, டாக்டர் டவுனிலிருந்து வராத நாட்களில் டாக்டராக இருப்பது, எல்லாம் அவர் வேலை. பினாங்கில் இறங்கியதும் எங்களை ஒரு தீவில் நோய்க்காவலில் வைத்தார்கள். அம்மை குத்திய தழும்பைக் காட்டச் சொன்னார்கள். காட்டினேன். அந்தத் தழும்பு போதாது என்று மறுபடியும் குத்தினார்கள். பெயர் கேட்டபோது அன்னாள் என்றேன். எழுதுகிறவர் என்னை ஹன்னா என்று எழுதினார். அன்றிலிருந்து சர்க்கார் காகிதங்களில் நான் ஹன்னாதான்.

வந்த வருஷமே சக்கைப் பிரதமன் செய்ய ஆசைப்பட்டு, தோட்டத்துக் கடையில் போய், "சக்க கிடைக்குமா?" என்று கேட்டேன். கடைக்காரர் தஞ்சாவூர்ப் பக்கத்து மனிதர். என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"கரும்புச் சக்கையா? மாட்டுக்காம்மா?"

"மாட்டுக்கு இல்ல. எங்களுக்குத் திங்க."

கடையில் நின்றவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். மற்ற தமிழர்களுக்குச் சக்கை என்றால் பிழிந்து எறிவது. பழத்தைப் பலா என்று சொல்ல வேண்டும், மலாய்க்காரரிடம் நங்கா என்று சொல்ல வேண்டும். இதை நான் தெரிந்துகொண்டது அன்றைக்குத்தான். அதன் பிறகு ஊர்ப் பேச்சை வீட்டுக்குள் மட்டும் வைத்துக்கொண்டேன்.

ஊரில் எங்கள் வீடு நாகர்கோவிலுக்கு மேற்கே ஒரு சபைக் கிராமத்தில். அப்பா மிஷன் பள்ளிக்கூட வாத்தியார். அறுப்பின் பண்டிகைக்குச் சபையார் கொண்டுவந்து படைக்கும் பழமும் காயும் ஆராதனைக்குப் பிறகு ஏலத்துக்கு வரும். கீரிப்பாறைப் பக்கத்து மலையிலிருந்து யாராவது ஒரு பெரிய வரிக்கைச் சக்கை கொண்டுவந்திருப்பார்கள். மற்ற எதற்கும் வாய் திறக்காத அப்பா அதற்கு மட்டும் விலை கேட்பார். அம்மை அன்றே பாதியை வெட்டிச் சுளை எடுத்துப் பிரதமன் வைத்துவிடுவாள். மீதிச் சுளையை, நாங்கள் சர்க்கரை என்று சொல்லும் வெல்லம் சேர்த்து வரட்டிப் பீங்கான் பரணியில் போட்டால் மழைக்காலம் வரைக்கும் இருக்கும்.

செய்முறை கஷ்டமானதல்ல. சுளையைப் பொடியாக நறுக்கி வேகவைத்து மசிக்க வேண்டும். நெய்யில் போட்டுச் சர்க்கரைப் பாகோடு கிண்ட வேண்டும். சட்டியை விட்டுத் திரண்டு வரும்வரை கை ஓயக் கூடாது. பிறகு தேங்காயின் மூன்றாம் பாலை விட்டுக் கொதிக்க விடுவது, அது வற்றியதும் இரண்டாம் பால். கடைசியாகச் சட்டியை இறக்கி வைத்துவிட்டுத்தான் முதல் பிழிவான தலைப்பாலை விட வேண்டும். தலைப்பால் விட்டபின் மறுபடி அடுப்பில் ஏற்றினால் பால் பிரிந்து எண்ணெயாக மிதக்கும். அதனால் பிரதமனை இறக்கின சூட்டோடு குடித்துவிட வேண்டும். இங்கே நெய்க்குப் பதில் டின்னில் வரும் வெண்ணெயை உருக்கினேன். சர்க்கரைக்குப் பதில் மூங்கில் குழலில் உறையவைத்த தென்னங்கருப்பட்டி. அதில் கொஞ்சம் புகை மணம் இருந்தது. என் வீட்டுக்காரர் குடித்துவிட்டு, "ஊர்ல உள்ளது மாதிரி இல்ல. ஆனா இதுவும் கொள்ளாம்" என்றார்.

3

கிரேஸ் நடக்கத் தொடங்கின சமயம் பக்கத்து வீட்டுக்குப் புதிய பெரிய கிராணி வந்தார். பெரிய கிராணி என்றால் தலைமைக் குமாஸ்தா, தோட்டத்து ஆபீசில் துரைக்கு அடுத்த அதிகாரம் அவருக்குத்தான். ஆள் நாகர்கோவிலை அடுத்த சுசீந்திரம் என்று என் வீட்டுக்காரர் வந்து சொன்னபோது எனக்கு நம்பிக்கை வரவில்லை. மறுநாள் காலையில் நான் கோழியை, "ஏலே, அங்கன போவாத" என்று விரட்டினேன். வேலிக்கு அந்தப் பக்கம் துணி உலர்த்திக்கொண்டிருந்த பெண் அப்படியே நின்றுவிட்டாள்.

"நீங்க எந்த ஊரு?"

"நாரோயில் பக்கம்."

"நான் சுசீந்திரம்."

அவள் பெயர் பகவதி. என்னைவிட நாலைந்து வயது இளையவள். பொட்டில்லாத என் நெற்றியைப் பார்த்தாள். பெயர் கேட்டாள். அன்னாள் என்றதும் அவளுக்கு மீதியெல்லாம் விளங்கிவிட்டது. அவர்கள் கோயில் வீதிப் பக்கத்து வேளாளர் குடும்பம். நாங்கள் வேதத்தில் சேர்ந்தவர்கள். ஊரில் அவர்கள் எங்கள் வீட்டில் தண்ணீர் குடிப்பதில்லை, நாங்கள் அவர்கள் வீட்டுக்குள் நுழைவதில்லை. இதை யாரும் யாருக்கும் சொல்லிக்கொடுப்பதில்லை. நடந்து பழகிய பாதை மாதிரி கால் தானாகவே விலகிக்கொள்ளும்.

ஆனாலும் அன்று முதல் அவள் என்னை அக்கா என்றுதான் கூப்பிட்டாள். நான் அவளை நீங்க என்றே சொல்லிவந்தேன். காலையில் கிராணியாரும் என் வீட்டுக்காரரும் வேலைக்குப் போனதும் வேலிக்கு இரண்டு பக்கமும் நின்று பேசுவோம். அங்கே மழை தொடங்கியிருக்குமா, பழையாற்றில் தண்ணீர் வந்திருக்குமா, வயலில் நடவு முடிந்திருக்குமா என்று பேச்சு போகும். எங்கள் பேச்சைக் கேட்டு இருவரும் சண்டை போடுகிறார்களா பாட்டுப் படிக்கிறார்களா என்று தோட்டத்தில் கேட்பார்களாம். ஒரு நாள் நல்ல வெயிலில் பேசிக்கொண்டிருக்கும்போது அவள் உதடு வறண்டிருந்ததைப் பார்த்து, "கொஞ்சம் தண்ணி தரட்டா?" என்று கேட்டுவிட்டேன்.

"தாகம் இல்லக்கா" என்றாள்.

எனக்குக் கோபமில்லை. ஆனால் அதன் பிறகு நான் கேட்கவும் இல்லை.

4

வந்த வருஷமே பகவதிக்கு ஒரு குழந்தை இறந்தே பிறந்தது. மறுபடி முழுகாமல் இருந்தபோது அவள் வயிற்றில் எதுவும் தங்கவில்லை. கஞ்சி குடித்தாலும் வாந்தி, இளநீர் குடித்தாலும் வாந்தி. சிலருக்கு மூன்றாம் மாதத்தோடு நின்றுவிடும், இவளுக்கு நிற்கவில்லை. என் வீட்டுக்காரர் கலந்து கொடுத்த மருந்தும் தங்கவில்லை. டவுன் டாக்டர் வந்து பார்த்துவிட்டு, இப்படியே போனால் தாய்க்கே ஆபத்து, பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக நேரிடும் என்று சொல்லிப் போனார். வளையல்கள் முழங்கை வரை ஏறிக் கிடந்தன. வேலிக்கு வருவதையே அவள் நிறுத்திவிட்டாள்.

அந்த நாட்களில் ஒரு பலாப்பழம் கிடைத்து நான் பிரதமனுக்குக் கிண்டிக்கொண்டிருந்தேன். வெண்ணெயும் பழமும் கருப்பட்டியும் சேர்ந்து மணம் எழும்பியபோது, இந்த வாடை அவளுக்கு ஆகாதே என்ற யோசனை வந்தது. சன்னலைச் சாத்தப் போனேன். பகவதி வேலிக்கம்பைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"அக்கா, என்ன கிண்டுதிய?"

"சக்கப் பிரதமன். வாடை பிடிக்கல்லியா? சன்னலை அடைக்கேன்."

"அடைக்காண்டாம்."

அவள் போகவில்லை. நான் கையை நிறுத்த முடியாமல் கிண்டிக்கொண்டே இருந்தேன்.

"சுக்கு போட்டாச்சா?"

"இனிமதான்."

"கொஞ்சம் சீரகமும் வறுத்துப் பொடிச்சுப் போடுங்க. எனக்க அம்மை போடுவா."

பிறகு இன்னும் கொஞ்சம் நேரம் நின்றாள்.

"ஒரு வாய் தருவியளா?"

நான் அகப்பையோடு நின்றேன். கொடுப்பதற்கு எனக்கு என்ன வருத்தம்? ஆனால் அவள் பெரிய கிராணியின் மனைவி. வயிற்றுப் பிள்ளைக்காரி. நாளைக்கு ஏதாவது ஒன்றானால் பழி என் சட்டியின் மேல் விழும், என் வீட்டுக்காரர் வேலையின் மேலும் விழும்.

"கிராணியார்ட்ட ஒரு வார்த்த கேட்டுக்கிடுங்க" என்றேன்.

அவள் திரும்பிப் போனாள்.

அன்று மத்தியானம் கிராணியார் ஆஸ்பத்திரிக்கு வந்தாராம். அங்கே நடந்ததை என் வீட்டுக்காரர் பிறகு சொன்னார். கிராணியார் உட்காராமல் நின்றுகொண்டே, "டிரஸ்ஸர், வீட்டுல அவளுக்கு ஒண்ணும் வயித்துல தங்கல்ல. இன்னைக்கு அவளாவே திங்க ஒரு சாதனம் வேணும்னு கேக்கா. அது உங்க வீட்டுல உள்ளது. நான் எப்படிச் சரின்னு சொல்ல?" என்று கேட்டிருக்கிறார்.

"ஆஸ்பத்திரி மருந்து குடிக்காங்கல்லா? அதுல உள்ள தண்ணி யாரு கோரின தண்ணின்னு கேட்டியளா?"

"மருந்து வேற."

"அப்போ இதையும் மருந்துன்னு வச்சுக்கிடுங்க. ஆஸ்பத்திரி பாட்டில்ல வரும்."

கிராணியார் யோசித்துவிட்டு, "மருந்துன்னா குத்தமில்ல" என்றாராம்.

மருந்து என்றால் அதற்கு ஒரு முறை உண்டு. என் வீட்டிலிருந்து நேராக வேலிக்கு மேல் நீட்டினால் அது பிரதமன். ஆகவே நான் அதை ஒரு வாயகன்ற பாட்டிலில் ஊற்றி ஆஸ்பத்திரிக்கு அனுப்பினேன். அங்கே கார்க் வைத்து அடைத்து, மற்ற மருந்துகளோடு தட்டில் வைத்தார்கள். மருந்து கொண்டுபோகிற ஆள் கூலிக்காரர் குடியிருக்கும் லயங்களுக்கெல்லாம் போய்விட்டுத்தான் கடைசியில் கிராணி வீட்டுக்கு வருவார். எங்கள் இரண்டு வீட்டுக்கும் இடையில் ஒரு வேலிதான். அந்தப் பாட்டில் தோட்டத்தையே சுற்றிக்கொண்டு சாயங்காலம் போய்ச் சேர்ந்தது.

மறுநாள் காலையில் என் அடுக்களைப் பின்வாசலில் பகவதி நின்றாள். ஒரு கையில் குடை, ஒரு கையில் அந்தப் பாட்டில். பாலில் உள்ள எண்ணெய் மேலே வெள்ளையாக உறைந்து, பிரதமன் பாட்டிலின் கழுத்தில் கட்டியாக நின்றது.

"அக்கா, மருந்து ஆறிப்போச்சு" என்றாள். "குச்சி விட்டு எடுத்துப் பாத்தேன், வரல்ல. எனக்குச் சூடா வேணும்."

"கிராணியாருக்குத் தெரியுமா?"

"சொல்லிட்டுத்தான் வந்தேன்."

"என்ன சொன்னாரு?"

"ஒண்ணும் சொல்லல்ல. வெயிலா இருக்குன்னு குடையை எடுத்துத் தந்தாரு."

அவள் வாசற்படியைத் தாண்டி உள்ளே வந்து, பலகையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். நேற்றைய பிரதமனைச் சுடவைத்தால் பால் பிரிந்துவிடும். நல்ல வேளையாக, பால் விடாமல் எடுத்துவைத்த வரட்டின சக்கை கொஞ்சம் இருந்தது. தேங்காய் உடைத்துத் துருவினேன். அவள் சுவரில் சாய்ந்து, நான் பால் பிழிவதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். சீரகத்தை வறுத்து அவளிடமே அம்மியைக் காட்டினேன். அவளால் குழவியைத் தள்ள முடியவில்லை, நானே பொடித்துப் போட்டேன். சட்டியை இறக்கித் தலைப்பால் விட்டு, ஒரு சின்னக் கிண்ணத்தில் ஊற்றி அவள் முன்னால் வைத்தேன்.

முதலில் ஒரு கரண்டி குடித்தாள். கண்ணை மூடிக்கொண்டாள். நான் பக்கத்தில் ஒரு சட்டியை எடுத்துத் தயாராக வைத்துக்கொண்டேன். கிரேஸ் கூட அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். இன்னொரு கரண்டி குடித்தாள். அரைக் கிண்ணம் ஆனதும் நிறுத்தி, வயிற்றின் மேல் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். வெயில் வாசற்படியைத் தாண்டி உள்ளே வரும்வரை அப்படியே இருந்தோம். வாந்தி வரவில்லை.

"இருக்குக்கா. உள்ளதான் இருக்கு" என்றாள்.

"மக்கா, இன்னும் கொஞ்சம் குடிக்கியா?"

அவளை நான் நீ என்று சொன்னது அதுதான் முதல் தடவை. சொன்ன பிறகுதான் எனக்கே தெரிந்தது. அவள் கிண்ணத்தை நீட்டினாள்.

அதன் பிறகு தினமும் குடையோடு வந்தாள். பலாப்பழம் கிடைக்காத நாளில் இங்குள்ள பெரிய வாழைப்பழத்தில் செய்தேன். ஒரு தடவை செம்படாக் என்கிற பழத்தில் செய்தேன். பலாவுக்குத் தங்கை மாதிரி இருக்கும், மணம் மட்டும் அடிதடி. அதையும் குடித்தாள். பிரதமன் தங்கினபின் கஞ்சி தங்கியது, கஞ்சிக்குப் பிறகு சோறு. வளையல்கள் மணிக்கட்டுக்கு இறங்கி வந்தன. கிராணியார் என் வீட்டுக்காரரைக் கண்டால் முன்போலவே தலையை மட்டும் அசைப்பார். பாட்டிலைப் பற்றியோ பலகையைப் பற்றியோ பேச்சே கிடையாது. ஆனால் தோட்டத்துக்குள் எங்கே ஒரு பலாப்பழம் முற்றினாலும் அது எங்கள் பின்வாசலுக்கு வந்து சேர்ந்தது.

ஆண் குழந்தை பிறந்தது. நன்றாக அழுதான்.

5

இப்போது அந்த வீட்டில் யாழ்ப்பாணத்துக் கிராணி ஒருவர் இருக்கிறார். நல்ல மனிதர்கள். பிட்டு அவித்தால் எங்களுக்கும் கொடுத்தனுப்புவார்கள். அவர்கள் பேசுவது கிரேஸுக்குப் புரிவதில்லை. நான் பேசுவது அவர்களுக்குப் பாதிதான் புரிகிறது. எல்லாரும் தமிழர்தான்.

ரப்பர் விலை விழுந்த காலம் உங்களுக்கும் ஞாபகம் இருக்கும். பால் வெட்டுவதைப் பாதித் தோட்டத்தில் நிறுத்தினார்கள். லயம் லயமாக ஆட்களைத் திருப்பி அனுப்பினார்கள். இத்தனை பேர் போக வேண்டும் என்று அதுவரை எழுதிக்கொண்டிருந்த கிராணியாரையே ஒரு நாள் போகச் சொன்னார்கள். ஆஸ்பத்திரிக்கு ஒருவர் வேண்டும் என்பதால் என் வீட்டுக்காரர் பாதிச் சம்பளத்தில் தப்பினார்.

பகவதி புறப்பட்டபோது நானும் கிரேஸை இடுப்பில் எடுத்துக்கொண்டு பினாங்கு வரை போனேன். துறைமுகக் கொட்டகை வாசலில் ஒரு காவல்காரன் என்னை மறித்தான். பயணிகளும் நெருங்கிய சொந்தக்காரரும்தான் உள்ளே போகலாமாம். நான் மலாயில் கெஞ்சிப் பார்த்தேன். அழுதுகொண்டிருந்த பதற்றத்தில் ஏதோ தப்பான வார்த்தையைச் சொல்லிவிட்டேன் போலிருக்கிறது, அவன் சிரித்தான். உள்ளே இருந்த வெள்ளைக்கார ஆபீசர் என்ன கூட்டம் என்று கேட்டு வந்தார். பகவதி குழந்தையோடு என் கையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். கிராணியார் முன்னால் வந்தார். ஆபீஸ் இங்கிலீஷில், நிதானமாக, "இவள் என் மனைவியின் கூடப்பிறந்த அக்கா" என்றார்.

ஆபீசர் எங்கள் இரண்டு முகத்தையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு வழி விட்டார். ஒரு எழுத்துப் பிழையைக்கூடப் பொறுக்காத மனிதர் கிராணியார். கொட்டகைக்குள் போகும்போது அவர் என் பக்கம் பார்க்கவில்லை. பகவதிக்காக நான் கட்டிக் கொண்டுவந்து கிரேஸின் கையில் கொடுத்திருந்த சின்ன மூட்டையை வாங்கிக்கொண்டார்.

6

நாலைந்து வருஷம் கழித்து எங்களுக்கு ஊர் லீவு கிடைத்தது. கிரேஸ் அப்போது எல்லாவற்றையும் கேள்வி கேட்கிற வயது. அவளைக் கூட்டிக்கொண்டு நாகர்கோவிலில் பஸ் ஏறிச் சுசீந்திரத்தில் இறங்கினேன். பகவதி வீட்டைத் தேடிப் போவதில் கஷ்டமில்லை. வாசலுக்கு வந்த பிறகுதான் கஷ்டம். முன்வாசலில் நிற்பதா, பக்கத்துச் சந்து வழியாகப் பின்னால் போவதா என்று தெரியவில்லை. மலாயாவில் இத்தனை வருஷத்தில் அந்த யோசனையே எனக்கு மறந்துபோயிருந்தது. இங்கே இறங்கினதும் கால் தானாகத் தயங்கிற்று.

"ஏம்மா, உள்ள போவமா?" என்று கிரேஸ் கேட்டாள்.

அதற்குள் பகவதி எங்களைக் கண்டுவிட்டாள். "அக்கா" என்று படியிறங்கி ஓடிவந்தாள். அவள் பின்னால் கதவை ஒட்டி அவள் மாமியார் வந்து நின்றார். வெள்ளை உடுத்த, நெடிய அம்மாள்.

"ஆரு பகவதி?"

"மலாயால எனக்குச் சோறு போட்ட அக்கா."

மாமியார் என்னைப் பார்த்தார், கிரேஸைப் பார்த்தார். உள்ளே வரச் சொல்லவில்லை. கிராணியார் வடசேரிச் சந்தைக்குப் போயிருப்பதாகப் பகவதி சொன்னாள். எங்களை முன்படிக்கட்டில் உட்காரச் சொல்லிவிட்டு உள்ளே போனாள். அவள் மகன் வந்து கிரேஸின் பூட்ஸைத் தொட்டுப் பார்த்தான். அவன் என் அடுக்களைப் பிரதமனில் வளர்ந்தவன் என்று எனக்குள் நினைத்துக்கொண்டேன். உள்ளே மாமியாரின் குரலும் பகவதியின் குரலும் கேட்டன. வார்த்தை கேட்கவில்லை.

கொஞ்ச நேரத்தில் நேந்திரம்பழப் பிரதமனோடு வந்தாள். பித்தளைக் கிண்ணத்தில் அல்ல. வாழையிலையைக் கோட்டித் தொன்னையாகச் செய்து, அதில் ஊற்றியிருந்தாள். குடித்துவிட்டு எறிந்துவிடலாம், ஒரு பாத்திரத்தையும் தனியே வைக்க வேண்டாம். எனக்கு அது விளங்காமல் இல்லை. ஊரில் பிறந்து வளர்ந்த எவருக்கும் விளங்கும். எனக்கு ஒன்று, கிரேஸுக்கு ஒன்று என்று தொன்னைகளைக் கையில் தந்தாள். பிறகு தட்டில் மூன்றாவதாக ஒரு தொன்னை இருந்ததை எடுத்துக்கொண்டு, அந்தப் படியிலேயே எனக்குப் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். தெருவில் போகிறவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

"நீ எதுக்கு மக்கா இங்கன இருக்க? உள்ள போ. அவுங்க ஏதாவது நெனைப்பாங்க."

பகவதி தொன்னையை ஊதிக் குடித்தாள்.

"உங்கள உள்ள கூட்டிட்டுப் போவ எனக்கு அதிகாரம் இல்லக்கா" என்றாள். "நான் வெளிய வந்து இருக்கலாம்லா?"

கிரேஸ் எங்கள் இருவருக்கும் நடுவில் இடம் பண்ணிக்கொண்டு உட்கார்ந்தாள். நாங்கள் மூவரும் தெருவைப் பார்த்தபடி குடித்து முடித்தோம். கதவுக்குள் மாமியார் நின்றுகொண்டே இருந்தார். நாங்கள் எழுந்து போகும்வரை அவர் அந்தக் கதவைச் சாத்தவில்லை.